கடல் விட்டுச்சென்ற கணக்கு

(ஜமாஅத் ஆண்டுப் பொதுக்குழுவையொட்டி நடைபெற்ற மாணவர் பரிசளிப்பு நிகழ்ச்சியில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

  

கல்வியைப் பற்றிப் பேசுமாறு நிர்வாகத்தினர் பணித்தார்கள். கல்வியின் சிறப்பைப் பொதுவாகப் பேசுவதைவிட, கல்வியால் அறியக்கூடிய ஒரு செய்தியை எடுத்துவைப்பது பயன்தரும் என எண்ணுகிறேன். நான் எடுத்துக்கொண்ட பொருள் கடல். பூமியின் நெடிய வரலாற்றில் வெப்பமும் கடல்மட்டமும் மாறியபோதெல்லாம் கடல்வாழ் உயிர்கள் என்ன செய்தன என்பதே இன்றைய பேச்சு.

மலையடிவாரத்தில் ஏலமும் மிளகும் காப்பியும் பார்த்து வாழ்கின்ற நமக்குக் கடலோடு என்ன தொடர்பு என்று சிலர் நினைக்கலாம். தொடர்பு உண்டு. வீடு கட்ட நாம் இறக்கும் சிமெண்ட் மூட்டைகளில் அரியலூர்ப் பகுதியில் அரைக்கப்பட்டவையும் இருக்கின்றன. அந்தச் சிமெண்டின் மூலப்பொருளான சுண்ணாம்புக்கல் ஒரு காலத்தில் கடலில் வாழ்ந்த சிப்பிகளின் ஓடுகளால் ஆனது. கடலைப் பார்த்தே இராத ஒருவருடைய வீட்டுச் சுவரிலும் பழங்கடலின் ஒரு பகுதி இருக்கக்கூடும்.

நம் மலையும் அரியலூர் மண்ணும்

முதலில் நம் மலையை எடுத்துக்கொள்வோம். போடி மேற்கு மலைகளின் பெரும்பகுதி சார்னோகைட் என்னும் கடினமான பாறையால் ஆனது. அண்மையிலுள்ள பொட்டிப்புரத்தில் நியூட்ரினோ ஆய்வகம் அமைப்பது பற்றிப் பேச்சு எழுந்தபோது நாளிதழ்களில் அடிக்கடி இடம்பெற்ற பெயர் அது. 50 கோடி ஆண்டுகளுக்கும் முன்னர், பூமியின் ஆழத்தில் மிகுந்த வெப்பத்திலும் அழுத்தத்திலும் உருமாறிய பாறை அது. அதில் எந்த உயிரின் தடயத்தையும் காண இயலாது. நம் மலை மிகப் பழையதுதான்; ஆனால், உயிர்களின் கதையை அது சொல்லாது.

அந்தக் கதையைச் சொல்லும் நிலம் நம் மாநிலத்திலேயே இருக்கிறது. அரியலூர், பெரம்பலூர், திருச்சி மாவட்டங்களில் ஊட்டத்தூர், காரை, கருடமங்கலம், கல்லங்குறிச்சி, நின்னியூர் முதலிய ஊர்களைச் சுற்றியுள்ள மண்ணும் பாறையும்தாம் அவை. இந்தியா, அண்டார்டிகா, ஆஸ்திரேலியா ஆகியவை ஒரே பெருநிலமாக இணைந்திருந்து, பின்னர்ப் பிரிந்தன. அந்தப் பிரிவினால் உண்டான பள்ளத்தில் ஏறத்தாழ 11 கோடி ஆண்டுகளுக்கு முன்பு கடல் புகுந்தது. சில கோடி ஆண்டுகள் முன்னேறியும் பின்வாங்கியும் அங்கே நிலவிய கடல், படிவு படிவாகச் சேற்றையும் மணலையும் ஓடுகளையும் விட்டுச்சென்றது. இன்று ஒரே நாளில் அந்தப் படிவுகளின் மீது நடந்து பார்த்துவிடலாம்.

இதை உலகுக்கு அறிவித்தவர்கள் யார்? 1840களில் கேய், கன்லிஃப் என்ற இரு ஆங்கிலேயர்கள் இங்கே சேகரித்த புதைபடிவங்களை இலண்டனுக்கு அனுப்பினர். எட்வர்டு ஃபோர்ப்ஸ் என்னும் அறிஞர் 1846இல் அவற்றை விவரித்து எழுதினார். அதன் பின்னர், இந்தியப் புவியியல் ஆய்வுத்துறையைச் சேர்ந்த பிளான்ஃபோர்டு இந்தப் பகுதியை நடந்து அளந்து, படிவுகளை ஊட்டத்தூர், திருச்சி, அரியலூர் என்று பிரித்தார். ஃபெர்டினாண்டு ஸ்டோலிச்கா என்பவர் இங்குக் கிடைத்த சிப்பி, சங்கு, பவளம் ஆகியவற்றை இனம் இனமாக ஆராய்ந்து பெருந்தொகுதிகளாக வெளியிட்டார். நடு ஐரோப்பாவில் பிறந்த அவர் 1874இல் லடாக் மலைப்பாதையில் உயிர்நீத்தபோது அவருக்கு 36 வயதுதான். நம் மண்ணின் கதையை அறிய அயலார் இத்தனை உழைத்திருக்கின்றனர் என்பதை மாணவர்கள் நெஞ்சில் நிறுத்த வேண்டும்.

முதல் பாடம்: சூடேறிய கடல்

அடியில் இருக்கும் ஊட்டத்தூர்ப் படிவுகளில் தொடங்குவோம். கல்லக்குடியை அடுத்த சுண்ணாம்புப் பாறைகளில் பவளமும் கடற்பாசியும் சேர்ந்து கட்டிய பழைய திட்டுகள் உள்ளன. அவ்விடத்தில் அன்று ஆழம் குறைந்த, தெளிந்த, வெதுவெதுப்பான கடல் இருந்தது என்பதற்கு அவையே சான்று. அதற்கு மேலே காரை என்னும் ஊரின் களிமண் மேடுகள். மழைநீர் அரித்து ஓடிய அந்த வெட்டவெளியில் அம்மோனைட்டு என்னும் சுருள் ஓட்டு உயிரின் கற்களும், துப்பாக்கிக் குண்டு போன்ற பெலம்னைட்டுகளும், சுறாவின் பற்களும் கிடைத்துள்ளன. அம்மோனைட்டு இன்றைய கணவாய் மீனுக்கு உறவுமுறை. சங்கு போல் தோன்றினாலும் சங்கு அன்று.

இதே ஊட்டத்தூர்ப் படிவுகளில் இக்தியோசர் என்னும் மீனுருவப் பெரும் ஊர்வனவற்றின் எலும்புகளும் பற்களும் கிடைத்திருக்கின்றன. நுரையீரலால் மூச்சுவிட்டு, கடலிலேயே குட்டி ஈன்று, 15 கோடி ஆண்டுகளுக்கும் மேலாகக் கடலை ஆண்ட இனம் அது. ஆனால், ஏறத்தாழ 9 கோடி ஆண்டுகளுக்கு முற்பட்ட காலத்தோடு அதன் தடயம் உலகெங்கும் நின்றுபோகிறது.

அந்தக் காலத்தில் நடந்தது என்ன? கடலடி எரிமலைகள் பெருமளவில் கரியமில வாயுவை வெளிவிட்டன. புவி மிகவும் சூடேறியது. சூடான நீரில் ஆக்சிஜன் குறைவாகவே கரையும். பல கடல்களின் ஆழ்பகுதிகளில் ஆக்சிஜன் அற்றுப்போய்க் கரிய சேறு படிந்தது. இது நிகழ்ந்தது 9 கோடியே 40 இலட்சம் ஆண்டுகளுக்கு முன்பு. இரை குறைந்து, நீரோட்டமும் வெப்பமும் மாறிய அந்தக் காலத்தில், சில வகைகளாகச் சுருங்கியிருந்த இக்தியோசர் இனம் ஈடுகொடுக்க முடியாமல் மறைந்தது. கடலடியில் வாழ்ந்த சிப்பிகளிலும் பல இனங்கள் மறைந்தன. எனினும் வேறு இனங்கள் இடம்பெயர்ந்தும் பெருகியும் அடுத்த படிவுகளை நிரப்பின. கருடமங்கலத்தின் சிப்பிக்கல்லை மெருகேற்றினால், ஓடுகளின் குறுக்குவெட்டு வெண்ணிறத்தில் பூவேலை போலத் தெரியும். அக்கல் ‘திருச்சிப் பளிங்கு’ என்ற பெயரால் அழைக்கப்பட்டது.

இரண்டாம் பாடம்: அம்மோனைட்டு மறைந்தது, நாட்டிலஸ் பிழைத்தது

மேலே வருகிறோம். கல்லங்குறிச்சிச் சுண்ணாம்புக்கல்லில் தடித்த ஓடுடைய சிப்பிகள் அடுக்கடுக்காக உள்ளன. இன்று சிமெண்ட் ஆலைகளுக்காக வெட்டப்படும் கற்களில் பெரும்பகுதி இந்தப் படிவைச் சேர்ந்ததே. அதன் பிறகு கடல் பின்வாங்கியது. கல்லமேடு என்னும் இடத்தில் ஆற்று மணலும், அதில் டைனோசர் எலும்புகளும் கிடைக்கின்றன. பின்னர் மீண்டும் கடல் வந்தது. அது விட்டுச்சென்ற படிவுதான் நின்னியூர்ச் சுண்ணாம்புக்கல்.

இங்கேதான் வியப்பு. திரும்பி வந்த கடலில் சிப்பி இருந்தது, சங்கு இருந்தது, பாசி இருந்தது, அம்மோனைட்டு இல்லை. 30 கோடி ஆண்டுகளுக்கும் மேலாக உலகக் கடல்களில் வாழ்ந்த இனம் அடியோடு இல்லாமற் போயிருந்தது. ஆனால், அதைப் போலவே சுருள் ஓடு கொண்ட நாட்டிலஸ் குடும்பத்தின் உறவினங்கள் நின்னியூர்ப் பாறையில் இருக்கின்றன. நாட்டிலஸ் இன்றும் பசிபிக் பெருங்கடல் பகுதியில் உயிரோடு உலவுகிறது.

இடையில் நிகழ்ந்தது என்ன? 6 கோடியே 60 இலட்சம் ஆண்டுகளுக்கு முன்பு, இன்றைய மெக்சிகோ நாட்டின் கரையில் ஏறத்தாழ 10 கிலோமீட்டர் அகலமுள்ள விண்கல் ஒன்று மோதியது. நம் தக்காணத்திலோ அதற்கு முன்பும் பின்பும் எரிமலைக் குழம்பு வெள்ளமெனப் பாய்ந்துகொண்டிருந்தது. புகையும் தூசியும் வானத்தை மூடக் கதிரொளி குன்றியது. கதிரொளியால் வாழும் நுண்ணிய மிதவைப் பாசிகள் அழிந்தன. மேல்நீரின் அமிலத்தன்மை கூடியது. உலகின் உயிரினங்களில் நான்கில் மூன்று பங்கு மறைந்ததாகக் கணக்கிட்டிருக்கிறார்கள்.

அம்மோனைட்டுக் குஞ்சுகள் மிகச் சிறியவை. மேல்நீரில் மிதவை உயிர்களோடு கலந்து வளர்ந்தவை. மேல்நீர் கெட்டபோது அவற்றுக்குப் போக்கிடம் இல்லை. நாட்டிலஸ் இடுவது சில பெரிய முட்டைகள், குஞ்சு பொரியும்போதே வளர்ந்திருக்கும், வாழ்வதோ ஆழ்நீரில், உண்பதோ இறந்தவற்றின் எச்சம். இதுவே ஒன்று மறைந்து மற்றொன்று பிழைத்ததற்கு அறிஞர்கள் முன்வைக்கும் முக்கிய விளக்கம். வலிமையும் எண்ணிக்கையும் அந்த நாளில் உதவவில்லை. வாழும் முறை உதவியது.

இதைவிடப் பெரிய அழிவு ஒன்றும் உண்டு. அது நிகழ்ந்தது 25 கோடியே 20 இலட்சம் ஆண்டுகளுக்கு முன்பு. சைபீரியாவில் பெருகிய எரிமலைகளால் கடல் சூடேறி, ஆக்சிஜன் குறைந்து, அமிலம் மிகுந்தது. கடலினங்களில் பத்தில் எட்டுக்கும் மேற்பட்டவை மறைந்தன. அதற்குச் சான்றான பாறைகள் காஷ்மீரில் சிறீநகருக்கு அருகே குர்யூல் ஓடைச் சரிவில் உள்ளன. அன்று அழிந்த பழைய பவளங்கள் மீளவே இல்லை. புதிய வகைப் பவளங்கள் தோன்றுவதற்கு ஏறத்தாழ ஒரு கோடி ஆண்டுகள் ஆயின. உயிர் மீண்டும் தழைக்கும் என்பது உண்மைதான். ஆனால், மனிதகுலம் காத்திருக்கக்கூடிய கால அளவு அதுவன்று.

மூன்றாம் பாடம்: நகர்ந்து பிழைத்த பவளம்

கடல் மாறிய போதெல்லாம் அழிவுதான் என்று எண்ணிவிடக் கூடாது. 20,000 ஆண்டுகளுக்கு முன்பு, பனியுகத்தின் உச்சத்தில், கடல்மட்டம் இன்றைக்கு இருப்பதைவிட ஏறத்தாழ 120 மீட்டர் தாழ்ந்திருந்தது. பாக் நீரிணை அன்று தரை. இலங்கைக்கு நடந்தே போகலாம். பனி உருகக் கடல் மெல்ல மெல்ல ஏறியது. பவளங்களும் பழைய இடத்தை விட்டுப் புதிய கரைகளுக்கு ஏறி வந்தன. சில ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பு நம் கரையில் கடல்மட்டம் இன்றைக்கு இருப்பதைவிடச் சற்றே உயர்ந்தும் இருந்தது. இராமேசுவரம், பாம்பன் கரைகளில் நீருக்கு மேலே காய்ந்து நிற்கும் பழம் பவளப்பாறைகள் அதன் அடையாளம். மாற்றம் மெதுவாக வந்தபோது பவளம் ஈடுகொடுத்தது. காலமும் இடமும் கிடைத்தால் உயிர் வழி கண்டுகொள்ளும் என்பதே இதன் பொருள்.

நம் நாளிலேயே ஒரு சான்று சொல்கிறேன். நம் சந்தைக்கு வரும் மத்தி மீனை அறியாதவர் இல்லை. நெய்ச்சாளை என்றும் சொல்வார்கள். 1980களின் நடுப்பகுதி வரையில் இது பெரும்பாலும் கேரள, கர்நாடகக் கரையில் மட்டுமே மிகுதியாகக் கிடைத்தது. அதன் பின்னர் வடக்கே குஜராத் பக்கமும், கிழக்கே நம் தமிழகக் கரையிலும் பெருகத் தொடங்கியது. கடல்நீர் சூடேறியது இதற்கு ஒரு காரணம் என மத்தியக் கடல்மீன் ஆராய்ச்சி நிறுவனத்தின் அறிஞர்கள் எடுத்துக்காட்டினர். மீனுக்குத் துடுப்பு உண்டு, இடம் மாறிக்கொள்கிறது.

பவளத்திற்குத் துடுப்பு இல்லை. ஏலச்செடியை எண்ணிப் பாருங்கள். நிழலும் ஈரமும் குளிர்ச்சியும் குறைந்தால் அது எழுந்து மேலே நடந்துவிடாது. 2024ஆம் ஆண்டுக் கோடையில் இடுக்கி மலைகளில் ஏலத்தோட்டங்கள் காய்ந்து கருகியதை நம்மில் பலர் கண்ணால் கண்டோம், நட்டமும் அடைந்தோம். அதே கோடையில் இலட்சத்தீவுகளின் பவளப்பாறைகள் வெளுத்துப்போயின. உலகக் கடல்கள் பலவற்றிலும் அதே நிலை. மலையில் செடி கருகியதும் கடலில் பவளம் வெளுத்ததும் இரு வேறு செய்திகள் அல்ல. ஒரே வெப்பத்தின் இரு முகங்கள்.

மன்னார் வளைகுடாவின் இன்றைய நிலை

இராமேசுவரத்திற்கும் தூத்துக்குடிக்கும் இடையே 21 சிறு தீவுகள் வரிசையாக அமைந்திருந்தன. அவற்றைச் சுற்றி 117 வகைப் பவளங்கள் பதிவாகியுள்ளன. 1986இல் இப்பகுதி கடல்சார் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டது. 1989இல் உயிர்க்கோளக் காப்பகமும் ஆயிற்று. கீழக்கரையின் சங்குக்குளியாளர்களும் மரைக்காயர் வணிகர்களும் வாழ்ந்த கடல் இது. முத்துக்குளிப்பு 1961ஆம் ஆண்டோடு நின்றுபோனது.

பவளம் என்பது கல் அன்று. சுண்ணாம்பு வீட்டைத் தானே கட்டிக்கொண்டு வாழும் சிறு உயிர். அதன் உடலுக்குள் நுண்பாசிகள் தங்கி, கதிரொளியால் உணவு சமைத்துத் தருகின்றன. வழக்கமான கோடை உச்சத்தைவிட ஒரு பாகை கூடுதலான சூடு சில வாரங்கள் நீடித்தாலே, பவளம் அந்தப் பாசிகளை வெளியேற்றிவிடுகிறது. நிறம் போய் வெண்மையாகிறது. சூடு தணிந்தால் மீளும். தணியாவிட்டால் பட்டினியால் இறக்கும். மன்னார் வளைகுடாவில் 1998, 2010, 2016 ஆகிய ஆண்டுகளில் பெரிய அளவில் இவ்வாறு வெளுப்பு நிகழ்ந்தது. ஒன்றிலிருந்து மீள்வதற்குள் அடுத்தது வந்துவிடுகிறது என்பதே கவலை.

சூடு மட்டும் காரணமன்று. முற்காலத்தில் சுண்ணாம்புக்காகவும் கட்டடத்திற்காகவும் பவளக்கல்லை வண்டி வண்டியாக வெட்டி எடுத்தனர். இவ்வழக்கம் இங்கு மட்டும் இருந்ததன்று. மாலத்தீவின் தலைநகர் மாலேயில் 1658இல் கட்டப்பட்ட ஹுகுரு மிஸ்கி பள்ளிவாசல் பவளக்கல்லைச் செதுக்கிக் கட்டியதே, அழகில் ஈடற்றது. அன்று கடல் தாங்கியது. ஆலைக்காக அள்ளியபோது தாங்கவில்லை. பவளம் வெட்டப்பட்ட பக்கத்தில் அலையைத் தடுக்கச் சுவர் இல்லாமற் போயிற்று. விலாங்குச்சல்லி, பூவரசன்பட்டி ஆகிய இரு தீவுகள் நீரில் மூழ்கின. வான்தீவும் பெரிதும் சுருங்கியது. 2001இல் பவளங்கள் வனவுயிர்ப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் சேர்க்கப்பட்டன. வான்தீவைச் சுற்றிச் செயற்கைத் திட்டுகள் இறக்கும் பணி 2015 முதல் நடைபெற்றது. காத்துக்கொள்ள மனிதனால் இயலும் என்பதற்கு இது சான்று.

இப்போது பழைய கணக்கையும் புதிய கணக்கையும் ஒப்பிடுவோம். ஆலைகள் பெருகுவதற்கு முன்னர்க் காற்றில் பத்து இலட்சத்தில் 280 பங்காக இருந்த கரியமில வாயு, இன்று 420 பங்கையும் கடந்துவிட்டது. அதில் ஒரு பகுதியைக் கடல் உறிஞ்சுவதால் மேல்நீரின் அமிலத்தன்மை ஏறத்தாழ 30 விழுக்காடு கூடியிருக்கிறது. அமிலம் கூடினால் ஓடு கட்டுவது கடினம். 5 கோடியே 60 இலட்சம் ஆண்டுகளுக்கு முன்பும் இவ்வாறே கரியமில வாயு பெருகிப் புவி 5 பாகைக்கு மேல் சூடேறியது. ஆழ்கடலின் ஓட்டு நுண்ணுயிர்களில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் மறைந்தன. அன்று அது பல ஆயிரம் ஆண்டுகளில் நிகழ்ந்தது. இன்றைய வேகம் அதைவிட ஏறத்தாழ பத்து மடங்கு. “உலகம் எத்தனையோ மாற்றத்தைப் பார்த்துவிட்டது, இதுவும் கடந்துபோகும்” என்று சொல்வோருக்கு அரியலூர்ப் பாறைகள் தரும் மறுமொழி இதுதான்: மாற்றத்தைக் கடல் தாங்கியதுண்டு, விரைவைத் தாங்கியதில்லை.

நாம் செய்யக்கூடியவை

பேச்சோடு நின்றால் பயனில்லை. நம் ஜமாஅத்திற்கு நான்கு வேண்டுகோள்களை வைக்கிறேன்.

முதலாவது, ஏர்வாடிக்கும் இராமேசுவரத்திற்கும் செல்வோர் அங்கு விற்கப்படும் பவளத்துண்டுகளை அழகுப்பொருளாக வாங்கி வர வேண்டாம். அது சட்டப்படி குற்றம். வாங்குவோர் இல்லையெனில் உடைப்போரும் இரார்.

இரண்டாவது, நம் சரிவிலிருந்து கிழக்கே இறங்கும் ஓடைகள் வைகையில் சேர்கின்றன. வெள்ளக் காலத்தில் வைகையின் நீர் இராமநாதபுரத்தைக் கடந்து ஆற்றங்கரை என்னும் ஊருக்கருகே கடலில் கலக்கிறது. நாம் ஓடையில் எறியும் பிளாஸ்டிக் பை அங்கே போய்ச் சேரும். விருந்து, வைபவம் முடிந்ததும் குப்பையை ஓடையில் கொட்டும் வழக்கத்தை நாமே நிறுத்த வேண்டும்.

மூன்றாவது, பிள்ளைகளைச் சுற்றுலா அழைத்துச் செல்லும்போது ஒருமுறை அரியலூர்ப் பக்கம் அழைத்துச் செல்லுங்கள். சாத்தனூரில் 1940இல் டாக்டர் எம்.எஸ். கிருஷ்ணன் கண்டறிந்த 18 மீட்டர் நீளக் கல்மரத்தைக் காணலாம். வாரணவாசியில் புதைபடிவ அருங்காட்சியகம் இருக்கிறது. ஆனால், காரை மேட்டில் கற்களைப் பொறுக்கிப் பையில் போட்டு வர வேண்டாம். இருந்த இடத்தில் இருந்தால்தான் அது சான்று. நம் வீட்டு அலமாரியில் அது வெறும் கல். 2020இல் குன்னத்தில் நீர்நிலையைத் தூர்வாரியபோது உருண்டைக் கற்கள் கிடைத்து, டைனோசர் முட்டை என்று ஊரெல்லாம் பேசினார்கள். அவை அம்மோனைட்டைச் சுற்றிப் படிந்த உருண்டைகள் என்று அறிந்தோர் வந்து சொன்ன பிறகே பரபரப்பு அடங்கியது. அறிந்தவர் ஒருவர் ஊரில் இருப்பதன் பயன் இதுவே.

நான்காவது வேண்டுகோள் மாணவ, மாணவியருக்கு. மருத்துவம், பொறியியல் என்னும் இரண்டு வாசல்கள் மட்டுமே கல்விக்கு உண்டு என்று எண்ணாதீர்கள். சென்னை மாநிலக் கல்லூரி, திருச்சி தேசியக் கல்லூரி, தூத்துக்குடி வ.உ.சி. கல்லூரி போன்றவற்றில் புவியியல் பாடமாகக் கற்பிக்கப்பட்டு வருகிறது. முதுகலை முடித்தோர் மத்தியத் தேர்வாணையம் நடத்தும் புவி அறிவியலாளர் தேர்வை எழுதி, பிளான்ஃபோர்டும் ஸ்டோலிச்காவும் பணியாற்றிய அதே ஆய்வுத்துறையில் சேரலாம். நம் நிலத்தடி நீரை அறியவும், மலைச்சரிவு எங்கே சரியும் என்று கணிக்கவும் அந்தக் கல்வியே வேண்டும். ஒவ்வொரு மழைக்காலத்திலும் போடிமெட்டுப் பாதையில் பாறை விழுமோ என்று அஞ்சிச் செல்லும் நமக்கு அத்தகைய பிள்ளை ஒருவர் நம்மிடமிருந்தே வரவேண்டாமா? கல்வி உதவித்தொகை வழங்கும்போது இப்படிப்புக்கும் ஓர் இடம் ஒதுக்குமாறு நிர்வாகத்தினரைப் பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

கடல் தன் கணக்கைக் கல்லில் எழுதி வைத்துவிட்டுப் போயிருக்கிறது. அதைப் படிக்கத் தெரிந்தவர் தொகை நம்மில் கூட வேண்டும்.